நோரா ஒரே ராத்திரியில் மாறிவிட்டாளா? ‘பொம்மை வீடு’ பார்த்தவர்களுக்கு

வாசகர் ஒருவரின் கேள்வி, பிப்ரவரி 1

நார்வே நாடகாசிரியர் இப்சனின் ‘பொம்மை வீடு’ நாடகத்தை பிபிசி 1992-ல் தொலைக்காட்சிக்கு எடுத்ததைப் பார்த்தேன். ஜூலியட் ஸ்டீவன்சன் நோரா, டிரெவர் ஈவ் அவள் கணவன் டோர்வால்ட். முக்கால்வாசி நேரம் குழந்தை மாதிரி துள்ளிக்கொண்டு, ஒளித்து வைத்து மக்ரூன் தின்றுகொண்டு, புருஷனிடம் கொஞ்சிக் காசு கேட்டுக்கொண்டு இருக்கிறாள். கடைசி அரை மணி நேரத்தில் வக்கீல் மாதிரி உட்கார்ந்து நியாயம் பேசிவிட்டு வீட்டை விட்டுப் போகிறாள். எழுதியவர் தன் கருத்தை அவள் வாயில் திணித்துவிட்டார் என்றே படுகிறது. உங்களுக்கு நம்பும்படி இருந்ததா?

பிப்ரவரி 1, இரவு

எனக்கு நம்பும்படி இருந்தது. ஆனால் முதல் தடவை பார்த்தபோது நானும் உங்களைப் போலத்தான் கேட்டேன். அக்கா மகன் டிவிடி கொடுத்துப் பதினைந்து வருஷம் இருக்கும். இதுவரை ஆறேழு தடவை பார்த்திருப்பேன்.

முதல் அங்கத்தின் கடைசி ஐந்து நிமிடத்தை மட்டும் மறுபடி போட்டுப் பாருங்கள். முன்பு கையெழுத்தில் மோசடி செய்த குரொக்ஸ்டாட்டைப் பற்றி டோர்வால்ட் பேசுகிறான். நோராவுக்கு ரகசியமாகக் கடன் கொடுத்தவன் இவன்தான். சின்ன வயதிலேயே கெட்டுப்போகிறவர்கள் பெரும்பாலும் பொய் சொல்லும் தாயின் பிள்ளைகள்தான், அந்த வீட்டுக் காற்றிலேயே விஷம் இருக்கும் என்கிறான். யாரிடம் சொல்கிறோம் என்று அவனுக்குத் தெரியாது. அப்பாவின் கையெழுத்தைத் தானே போட்டுக் கடன் வாங்கியவள் எதிரே நிற்கிறாள். அவன் அறைக்குள் போனதும் பிள்ளைகளைப் பார்க்கும் ஆயா வந்து, குழந்தைகள் அம்மாவிடம் வரவேண்டும் என்று கெஞ்சுகிறார்கள் என்கிறாள். வேண்டாம், என்னிடம் விடாதே என்கிறாள் நோரா.

கதவைச் சாத்திக்கொண்டு போவதற்கு இரண்டு நாள் முன்பே அவள் பிள்ளைகளிடமிருந்து விலக ஆரம்பித்துவிட்டாள். மேடையில் அது ஒரு சின்ன வசனமாகப் போய்விடக்கூடும். தொலைக்காட்சியில் அந்த முகம் நம் கூடத்தில் ஐந்தடி தூரத்தில் இருக்கிறது, தப்பிக்கவே முடியாது.

பிப்ரவரி 2

இன்னொன்று. இந்த நாடகத்தைக் கல்யாணம், பெண் விடுதலை என்று எல்லோரும் பேசுகிறார்கள். நான் ஒரு வங்கியில் 27 வருஷம் நகைக்கடன் கவுண்டரில் உட்கார்ந்தவள். எனக்கு முதலில் கண்ணில் படுவது பணம்.

திரை விலகியதும் முதலில் நடப்பது என்ன? நோரா கிறிஸ்துமஸ் சாமான்களோடு வீட்டுக்குள் வருகிறாள். மரம் தூக்கி வந்த ஆளிடம் எவ்வளவு என்று கேட்கிறாள். 50 ஓரே என்கிறான். ஒரு முழு குரோனரைக் கொடுத்து மீதியை வைத்துக்கொள் என்கிறாள். கேட்டதற்கு இரண்டு மடங்கு. ஊதாரி என்று நமக்குத் தோன்றவேண்டும், டோர்வால்டும் அப்படித்தான் சொல்கிறான். பத்து, இருபது, முப்பது, நாற்பது என்று எண்ணி அவள் கையில் வைக்கிறான். அவளும் கூடவே எண்ணுகிறாள். ஸ்டீவன்சன் செய்வதை அங்கே நன்றாகக் கவனியுங்கள். அந்த எண்ணிக்கைக்குள் எனக்கு ஒரு வட்டித் தேதிதான் தெரிகிறது. புதுச் சட்டைக்கு வாங்கும் காசில் பாதியை ஒதுக்கி, மலிவான துணியில் தைத்துக்கொண்டு, மிச்சத்தைத் தவணைக்குக் கட்டுகிறவள் அவள். போன குளிர்காலத்தில் அறையைச் சாத்திக்கொண்டு விடிய விடியப் பிரதி எழுதிச் சம்பாதித்தவள். கிட்டத்தட்ட ஓர் ஆண்பிள்ளை மாதிரி இருந்தது என்று தோழி கிறிஸ்டினேயிடம் சொல்லும்போது முகம் மலர்ந்துபோகிறது. துள்ளல் எல்லாம் அவள் பார்க்கும் வேலை. அந்த வீட்டில் காசு வரும் வழி அது ஒன்றுதான்.

1200 குரோனர் கடன் வாங்கிக் கணவனை இத்தாலிக்குக் கூட்டிப்போய் உயிர் பிழைக்க வைத்தவளை அவன் அணில், வானம்பாடி என்று கூப்பிடுகிறான்.

பிப்ரவரி 3

திருத்தம். 1200 குரோனர் என்று எழுதியது தப்பு. 1200 ஸ்பீசிடாலர். நார்வேயில் குரோனர் வந்தது 1875-ல்தான், அவள் கடன் வாங்கியபோது பழைய நாணயம். ஒரு ஸ்பீசிடாலருக்கு நாலு குரோனர், ஆகவே 4800 குரோனர். நாடகத்தில் இரண்டு தொகையும் வருகின்றன. சுட்டிக்காட்டியவருக்கு நன்றி.

உட்கார்ந்து கணக்கும் போட்டுப் பார்த்தேன், பழக்கம் விடுமா? அந்தக் காலத்தில் ஒரு கிலோ தங்கத்துக்கு 2480 குரோனர் என்று சட்டத்திலேயே நிர்ணயம். 4800 குரோனர் என்றால் ஏறக்குறைய 1935 கிராம். எட்டு கிராம் பவுனுக்கு 240 பவுனைத் தாண்டுகிறது! கணவன் எண்ணிக் கொடுத்த நாற்பது குரோனர் இரண்டு பவுன்.

240 பவுன் கடனை, கணவனுக்குத் தெரியாமல், வீட்டுச் செலவில் மிச்சம் பிடித்து அடைக்க முயன்ற பெண்ணை விளையாட்டுப் பிள்ளை என்று இனிமேலும் சொல்லமுடியுமா?

பிப்ரவரி 3, பிறகு

மக்ரூன் பற்றிக் கேட்டவருக்கு: நம் தூத்துக்குடி மக்ரூன் இல்லை. அது முந்திரியும் முட்டை வெள்ளையும் சேர்த்துக் கூம்பாகச் சுடுவது. அங்கே பாதாம் போட்டது. பல் கெட்டுவிடும் என்று டோர்வால்ட் தடை போட்டிருக்கிறான். மூன்று பிள்ளை பெற்றவள் ஓர் இனிப்பைத் தின்றுவிட்டு வாயைத் துடைத்துக்கொள்வதைப் பார்த்தால் எனக்கு வயிறு எரிகிறது.

பிப்ரவரி 4

நேற்று எழுதியதிலிருந்து அம்மா ஞாபகமாகவே இருக்கிறது. சொல்லிவிடுகிறேன்.

கரூரில் இருந்தோம். அப்பா ஒரு மில்லில் கணக்குப் பிள்ளை. 1984-ல் அண்ணனை பாலிடெக்னிக்கில் சேர்க்கப் பணம் போதவில்லை. அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றார் அப்பா. அம்மா தன் இரண்டு வளையலையும் அடகுக் கடையில் வைத்துப் பணம் வாங்கிவந்து, பெரியம்மா கொடுத்தாள் என்று சொல்லிவிட்டாள். வளையல் எங்கே என்றால், கழற்றி வைத்திருக்கிறேன், அடுப்படி வேலையில் தேய்கிறது என்பாள். மஞ்சள் நிற அடகுச் சீட்டு துவரம்பருப்பு டப்பாவின் அடியில், பருப்புக்குள் இருக்கும். நான் ஒரு நாள் பருப்பு அள்ளும்போது கையில் தட்டுப்பட்டது. அம்மா ஒன்றும் பேசவில்லை, என் கையிலிருந்து வாங்கி, பருப்புத் தூசியை முந்தானையில் துடைத்துவிட்டு மறுபடி உள்ளே வைத்தாள். எனக்கு அப்போது வயது பன்னிரண்டு. அதற்கப்புறம் நானும் பொய்க்கு உடந்தை.

அக்கம்பக்கத்துக்கு ஜாக்கெட் தைத்து வட்டி கட்டினாள். நாலு வருஷம். அசலும் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்துகொண்டு வந்தது.

பிறகு அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது, எப்படி என்பது இப்போது முக்கியமில்லை. அவர் கேட்ட முதல் கேள்வி, “இது வெளிய யாருக்காவது தெரியுமா?” கத்தவில்லை, அடிக்கவில்லை. மறுநாள் காலையில் சீட்டை எடுத்துக்கொண்டு போய் பாக்கி முழுவதையும் ஒரே தவணையில் கட்டி, வளையலை மீட்டு, சாமி அலமாரியில் கொண்டுவந்து வைத்தார். நல்ல மனுஷர். அன்றைக்கு ராத்திரி அம்மா சாப்பிடவில்லை. பயத்தில் இருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன்.

பிப்ரவரி 6

டோர்வால்ட் வில்லன் என்று இரண்டு பேர் எழுதியிருக்கிறீர்கள். நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைத்தேன். டிரெவர் ஈவைப் பார்க்கப் பார்க்க எண்ணம் மாறியது. அவன் குடிகாரன் இல்லை, வேறு பெண் இல்லை, வீட்டுக்குக் காசு கொடுக்கிறான், மனைவி மேல் உண்மையாகவே மோகம் இருக்கிறது. ஜனவரியிலிருந்து வங்கி மேலாளர். நம் வீட்டுப் பெண்ணுக்கு இப்படி ஒரு வரன் வந்தால் வேண்டாம் என்று சொல்வோமா?

ஆகவே அந்தக் கடித இடம் இன்னும் பயங்கரமாக இருக்கிறது. நோராவின் கடனையும் கள்ளக் கையெழுத்தையும் போட்டுடைக்கும் குரொக்ஸ்டாட்டின் முதல் கடிதத்தை டோர்வால்ட் படிக்கிறான். நோரா இத்தனை நாளாக ஒன்றை எதிர்பார்த்துக்கொண்டிருக்கிறாள்: பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டு, நான்தான் செய்தேன் என்று அவன் ஊர் முன்னால் நிற்பான். அதைத்தான் அற்புதம் என்கிறாள். அந்த அற்புதம் நடக்கக்கூடாது என்பதற்காகச் சாகவும் தயாராக இருக்கிறாள். அவனோ, உனக்கு மதம் இல்லை, ஒழுக்கம் இல்லை, பிள்ளைகளை இனி உன் கையில் விடமாட்டேன், ஆனால் வெளிப்பார்வைக்கு எல்லாம் முன்போலவே இருக்கவேண்டும் என்கிறான்.

இதுவரைகூட அவளுக்குப் பொறுத்துக்கொள்ள வழி இருந்திருக்கும் என்று நினைக்கிறேன். கோபத்தில் மனிதர்கள் என்னென்னவோ பேசுவார்கள். அடுத்து இரண்டாவது கடிதம் வருகிறது. குரொக்ஸ்டாட் கடன் பத்திரத்தையே திருப்பி அனுப்பிவிட்டான். டோர்வால்ட் கூவுகிறான்: நான் தப்பித்தேன், நோரா, நான் தப்பித்தேன்! அவள் கேட்கிறாள்: நான்? நீயும்தான், அதிலென்ன சந்தேகம் என்கிறான்.

அந்த ‘நான்?’ வரும்போது நான் ஒவ்வொரு தடவையும் டோர்வால்டைத்தான் பார்க்கிறேன். அவன் வேண்டுமென்று அவளை விட்டுவிடவில்லை, அவள் ஞாபகமே வரவில்லை, அவ்வளவுதான். எட்டு வருஷக் கல்யாணம் உடைந்த இடம் அதுதான். அதன் பிறகு அவள் மேஜைக்கு எதிரே உட்காரச் சொல்லிப் பேசுவதெல்லாம் கணக்கு முடிப்பது.

பிப்ரவரி 6, பத்து நிமிடம் கழித்து

கொண்டை ஊசியை விட்டுவிட்டேன். கடிதப்பெட்டிச் சாவி டோர்வால்டிடம் மட்டும்தான் இருக்கும். நடன விருந்து முடிந்து வந்து பெட்டியைத் திறக்கப் போகிறவன், பூட்டில் யாரோ கைவைத்திருக்கிறார்கள் என்று உடைந்த கொண்டை ஊசி ஒன்றை எடுக்கிறான். இது உன்னுடையது ஆயிற்றே என்கிறான். குழந்தைகள் செய்திருக்கும் என்கிறாள். அவள் அந்தப் பூட்டோடு தனியாக நின்று போராடியதை இப்சன் நமக்குக் காட்டவே இல்லை. ஊசியை மட்டும் காட்டுகிறார். வீடு முழுக்க அவள் ராஜ்ஜியம் என்று தோன்றும், தபால்பெட்டிக்கு மாற்றுச்சாவி கிடையாது.

பிப்ரவரி 9

எந்தத் திரைவடிவம் பார்க்கலாம் என்று கேட்டவருக்கு.

1959-ல் அமெரிக்காவின் என்பிசி, ஹால்மார்க் நாடக வரிசையில் ஒளிபரப்பியது: ஜூலி ஹாரிஸ், கிறிஸ்டோபர் பிளம்மர். 90 நிமிட நேரத்துக்குள் அடக்கவேண்டியிருந்ததால் வெட்டு அதிகம். 1973-ல் ஒரே வருஷத்தில் இரண்டு வந்தன. கிளேர் புளூம், ஆன்டனி ஹாப்கின்ஸ் நடித்தது மேடையை ஒட்டியே போகிறது, புளூம் ஏற்கெனவே 1971-ல் பிராட்வேயில் நோராவாக நடித்திருந்தார். ஜேன் ஃபோண்டாவை வைத்து ஜோசப் லோசி எடுத்தது நார்வேயின் ரோரோஸ் ஊரில், பனியில் படமானது. அமெரிக்காவில் அது ஏபிசி தொலைக்காட்சியில்தான் வந்தது. கிறிஸ்டினேயும் குரொக்ஸ்டாட்டும் முன்னொரு காலத்தில் காதலித்துப் பிரிந்ததை ஆரம்பத்திலேயே காட்டிவிடுகிறது, ஆட்களை வெளியே தெருவில் நடக்கவிடுகிறது. அழகான படம்தான். ஆனால் அந்த வீட்டை விட்டு வெளியே வந்ததும் எனக்கு மூச்சு வந்துவிட்டது. வரக்கூடாது! மூன்று நாளும் அந்த ஒரே கூடத்தில் அடைபட்டுக் கிடந்தால்தான் கடைசியில் சாத்தும் கதவு காதில் அறையும்.

1974-ல் ஃபாஸ்பிண்டர் ஜெர்மன் தொலைக்காட்சிக்கு எடுத்த ‘நோரா ஹெல்மர்’ வேறு ரகம். மார்கிட் கார்ஸ்டென்சன் ஆரம்பத்திலிருந்தே எல்லாம் தெரிந்தவள் போல, உறைந்த முகத்தோடு இருக்கிறார். கண்ணாடிகள் வழியாக, வேலைப்பாடு செய்த தடுப்புகள் வழியாக ஆட்களைப் பார்க்கிறோம். அறிவுக்குப் பிடித்தது, மனதில் ஒட்டவில்லை.

1992 வடிவத்தை டேவிட் தாக்கர் இயக்கினார். கிறிஸ்டினேயாக ஜெரால்டின் ஜேம்ஸ், குடும்ப நண்பர் டாக்டர் ராங்காக பேட்ரிக் மாலஹைட், குரொக்ஸ்டாட்டாக டேவிட் கால்டர். இந்த நாடகம் தொலைக்காட்சிக்கென்றே எழுதியது போல எனக்குப் படுவதற்குக் காரணம் இது: ஒரு கூடம், ஐந்தாறு பேர், யாரும் கத்திப் பேசத் தேவையில்லை, ரகசியத்தைச் சுமப்பவள் முகம் கிட்டத்தில் தெரியவேண்டும். நாமும் ஒரு கூடத்தில் உட்கார்ந்துதானே பார்க்கிறோம்.

பிப்ரவரி 12

“எல்லாம் சரி அக்கா, பெற்ற பிள்ளைகளை விட்டுவிட்டு ஒரு தாய் எப்படிப் போவாள்?” தம்பி, இந்தக் கேள்விக்கு 140 வருஷத்துக்கு மேல் வயதாகிறது.

நாடகம் முதலில் மேடையேறியது 1879 டிசம்பர் 21, கோபன்ஹேகனில். அதற்குப் பதினேழு நாள் முன்பே புத்தகமாக வந்து, அச்சடித்த 8000 படியும் விற்றுப்போயிற்று. ஜெர்மனியில் ஹெட்விக் நீமன்-ராபே என்ற பெரிய நடிகை, நானாக இருந்தால் என் பிள்ளைகளை விட்டுப் போகமாட்டேன், இந்த முடிவை நடிக்கவும் மாட்டேன் என்றார். மற்றவர்கள் கைவைத்துக் கெடுப்பதற்கு நானே கெடுக்கிறேன் என்று இப்சனே வேறு முடிவு எழுதிக்கொடுத்தார். டோர்வால்ட் அவளைப் பிள்ளைகள் தூங்கும் அறை வாசலுக்கு இழுத்துப்போகிறான், நாளைக்குத் தாயில்லாப் பிள்ளைகளாகிவிடும் என்கிறான், அவள் அங்கேயே சரிந்து உட்காருகிறாள், திரை. 1880-ல் அப்படி நடித்தார்கள். காட்டுமிராண்டித்தனம் என்று எழுதிக்கொடுத்தவரே அதைப் பழித்தார்.

நானும் தாய்தான், இரண்டு பிள்ளைகள். அவள் போனது சரி என்று வாயால் சொல்ல எனக்கு வரவில்லை. இவ்வளவு காலம் பார்த்தும் வரவில்லை. ஆனால் அவள் ஏன் போகிறாள் என்பது தெரிகிறது: பொய்யான தாய் பிள்ளைகளுக்கு விஷம் என்று டோர்வால்ட் சொன்னதை அவள் நம்பிவிட்டாள். தன்னிடமிருந்து பிள்ளைகளைக் காப்பாற்றுகிறோம் என்ற எண்ணமும் அந்தப் போக்கில் கலந்திருக்கிறது.

இப்போது ஆயாவுக்கு வருகிறேன். ஆனி-மரீ. எத்தனையோ தடவை பார்த்த பிறகுதான் என் கண்ணில் அவள் பட்டாள். இரண்டாம் அங்கத்தில் நோரா அவளிடம் கேட்கிறாள்: பெற்ற பிள்ளையை ஊரார் கையில் எப்படிக் கொடுத்தாய், உனக்கு மனது வந்ததா? அவள் பதில், குட்டி நோராவுக்குப் பால் கொடுக்க வரவேண்டியிருந்ததே! ஏமாற்றப்பட்டு நின்ற ஏழைப் பெண் அவள், கிடைத்த வேலையை விட முடியாது. மகள் இரண்டு தடவை கடிதம் போட்டிருக்கிறாள், ஒன்று திருச்சபையில் உறுதிபூசுதல் எடுத்தபோது, ஒன்று கல்யாணம் ஆனபோது. அவ்வளவுதான் அந்தத் தாய்க்கும் மகளுக்கும்.

பிள்ளையை விட்டுப்போன தாய் என்று நோராவைப் பற்றி ஒன்றேகால் நூற்றாண்டுக்கு மேலாகச் சண்டை போடுகிறோம். அதே மேடையில், அதே வீட்டில், பிள்ளையை விட்டுவிட்டு வந்த தாய் ஒருத்தி நோராவின் சட்டைப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நடமாடுகிறாள். அவளைப் பற்றி எந்த நடிகையும் மறுப்பு சொன்னதாகத் தெரியவில்லை. காசுக்காக விட்டால் அது வாழ்க்கை, தனக்காக விட்டால் பாவமா? நோரா துணிந்து போகமுடிவதும் ஆனி-மரீ அந்த வீட்டில் இருப்பதால்தான். தன்னை வளர்த்த கைதான் தன் பிள்ளைகளையும் வளர்க்கப்போகிறது என்று அவளுக்குத் தெரியும்.

பிப்ரவரி 13

சட்டம் பற்றிச் சுருக்கமாக. நார்வேயில் கல்யாணமான பெண் தன் சம்பாத்தியத்தைத் தானே வைத்துக்கொள்ளலாம் என்று சட்டம் வந்தது 1888-ல், நாடகம் வந்து ஒன்பது வருஷம் கழித்து. கணவன் சம்மதமில்லாமல் மனைவி கடன் வாங்கமுடியாதே என்று கிறிஸ்டினே முதலிலேயே கேட்கிறாள். அதனால்தான் அப்பாவின் ஜாமீன் கையெழுத்து தேவைப்பட்டது. அப்பா செப்டம்பர் 29-ல் இறந்துவிட்டார், கையெழுத்துக்குக் கீழே அக்டோபர் 2 என்று தேதி. செத்துப்போனவர் மூன்று நாள் கழித்துக் கையெழுத்துப் போட்டிருக்கிறார்! கவுண்டரில் இதைப் பார்த்திருந்தால் நானே பிடித்திருப்பேன். பிடித்துவிட்டு எதிரே நிற்கும் பெண்ணின் முகத்தை எப்படிப் பார்த்திருப்பேன் என்பதுதான் தெரியவில்லை.

நிஜத்திலும் இப்படி ஒருத்தி இருந்தாள், லாரா கீலர். எழுத்தாளர், இப்சனுக்குத் தெரிந்தவர், வானம்பாடி என்று அவர் செல்லமாகக் கூப்பிட்ட பெண். கணவனின் காசநோய்க்காக ரகசியமாகக் கடன் வாங்கி இத்தாலிக்குக் கூட்டிப்போனார். கடனை அடைக்க வழியில்லாமல் தன் கதையின் கையெழுத்துப்படியை இப்சனுக்கு அனுப்பி, பதிப்பாளரிடம் சிபாரிசு செய்யக் கேட்டார். அவர் மறுத்துவிட்டு, எல்லாவற்றையும் கணவனிடம் சொல்லிவிடு என்று புத்தி சொன்னார். லாரா காசோலையில் மோசடி செய்தார், மாட்டிக்கொண்டார், கணவன் பிள்ளைகளைப் பிரித்தான், மனநோய் விடுதிக்கு அனுப்பினார்கள். நாடகத்துக்குப் பிறகு ஊரே அவரை நோரா என்று சுட்டியது. இப்சனை எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஆனாலும் இந்த இடத்தில் அவரை என்னால் மன்னிக்க முடியவில்லை.

பிப்ரவரி 17

நேற்று மகளோடு உட்கார்ந்து மறுபடி பார்த்தேன். அவளுக்கு 26 வயது, நிச்சயம் ஆகியிருக்கிறது. டாக்டர் ராங்க் காட்சியில் அவள் அழுதுவிட்டாள். சாகப்போகிற மனிதன், நோராவிடம் காதலைச் சொல்லிவிடுகிறான். அவள் அவனிடம் பணம் கேட்க வாயெடுத்த நேரம். அவன் சொல்லிவிட்டதாலேயே இனி கேட்கமுடியாது. கேட்டிருந்தால் உடனே கொடுத்திருப்பான், பிரச்சினை தீர்ந்திருக்கும். விளக்கைக் கொண்டுவரச் சொல்கிறாள். தன்னை இவ்வளவு தூரம் காட்டிக்கொண்டவனிடம் காசு வாங்கமாட்டேன் என்ற அந்த ஒரு பிடிவாதத்தைப் பார்த்துவிட்டு, அம்மா, இவள் முதலிலேயே பெரிய மனுஷிதானே என்றாள் மகள். வாசகர் கேள்விக்கு நான் இத்தனை நாளாக எழுதியதைவிட அது நல்ல பதில்.

கிறிஸ்டினே விஷயத்தில்தான் எங்களுக்குள் சண்டை. அவளோடு மறுபடி சேர்ந்துவிட்ட குரொக்ஸ்டாட், தன் முதல் கடிதத்தைத் திருப்பிக் கேட்டு வாங்கிவிடுகிறேன் என்கிறான். வேண்டாம், இந்த வீட்டில் ரகசியம் போதும், உண்மை வெளியே வரட்டும் என்று தடுப்பவள் கிறிஸ்டினே. அவளுக்கு யார் அந்த அதிகாரம் கொடுத்தார்கள் என்று மகள் குதிக்கிறாள். நான் முன்பெல்லாம் இதையே சொல்வேன். இப்போது கிறிஸ்டினேயின் வாழ்க்கையை நினைத்துப் பார்க்கிறேன். தாய்க்காகவும் தம்பிமார்களுக்காகவும் பிடிக்காத பணக்காரனைக் கட்டி, அவன் செத்து, ஒன்றும் மிஞ்சாமல் வந்து நிற்பவள். பொய்யில் குடும்பம் நடத்தினால் என்னவாகும் என்று அவளைவிட அங்கே யாருக்குத் தெரியும்? ஆனால் அவள் கையில் இருந்தது அடுத்தவள் வீடு. இல்லை, இன்னும் முடிவுக்கு வரமுடியவில்லை, இப்படியே விடுகிறேன்.

பிப்ரவரி 18

நோரா ஆடும் தாரந்தெல்லா என்ற இத்தாலிய ஆட்டம் மிகையாக இல்லையா என்கிறார் ஒருவர். கடிதப்பெட்டிப் பக்கம் டோர்வால்டைப் போகவிடாமல் பிடித்துவைக்க ஆடுகிறாள். முடி அவிழ்ந்து தோளில் விழுகிறது, அவளுக்கு அது தெரியவில்லை. உயிரைப் பணயம் வைத்து ஆடுகிற மாதிரி ஆடுகிறாயே என்கிறான். அப்படித்தான் என்கிறாள். அங்கத்தின் கடைசியில் மணியைப் பார்த்து இன்னும் 31 மணி நேரம் வாழலாம் என்று எண்ணுகிறாள். ஆட்டம் ஒழுங்காக இருந்தால்தான் தப்பு.

பிப்ரவரி 21

பெர்க்மன் 1973-ல் ஸ்வீடன் தொலைக்காட்சிக்கு எடுத்த ‘ஒரு கல்யாணத்தின் காட்சிகள்’ பற்றி ஒருவர் நினைவூட்டியிருக்கிறார். ஆமாம், அதில் யோஹானும் மரியானேயும் ‘பொம்மை வீடு’ நாடகம் பார்த்துவிட்டு வருகிறார்கள். தங்கள் வீட்டுக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை என்பது போலப் பேசிக்கொள்கிறார்கள். மரியானேயாக நடித்த லிவ் உல்மன் இரண்டு வருஷம் கழித்து நியூயார்க் மேடையில் நோராவாகவே நடித்தார்.

மார்ச் 1

இதை எழுதுவதா வேண்டாமா என்று இரண்டு நாள் யோசித்தேன்.

அம்மா இப்போது என்னோடுதான் இருக்கிறாள். வயது 79. மகளோடு பார்த்தபோது கட்டிலில் படுத்தபடி பார்த்துக்கொண்டிருந்தாள், தூங்கிவிட்டாள் என்று நினைத்தேன். நேற்று முன்தினம் சாயங்காலம், அந்தக் குதிக்கிற பொண்ணு படத்த மறுபடி போடு கண்ணு என்றாள். போட்டேன். இங்கிலீஷ் தெரியாது, பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு காட்சியாகச் சொல்லிக்கொண்டே வந்தேன். கடன் வாங்கியதையும், கையெழுத்துப் போட்டதையும் சொன்னபோது முகத்தில் ஒன்றும் மாறவில்லை. பிரதி எழுதிச் சம்பாதித்ததைச் சொன்னபோது லேசாகத் தலையாட்டினாள்.

நோரா மோதிரத்தைத் திருப்பிக் கொடுத்தாள், சாவியை வைத்தாள், போனாள், கதவு சாத்தும் சத்தம் கேட்டது. வெளியே போய்விட்டாள் அம்மா, பிள்ளைகளை விட்டுவிட்டுப் போய்விட்டாள் என்றேன். அதைப் பற்றி ஏதாவது சொல்வாள் என்று காத்திருந்தேன்.

“அந்தக் கடன கடைசியில யாரு கட்டுனாங்க?”

யாரும் கட்டவில்லை அம்மா, கடன் கொடுத்தவனுக்கு நல்ல புத்தி வந்து பத்திரத்தைத் திருப்பி அனுப்பிவிட்டான், அவள் புருஷன் அதைக் கிழித்து அடுப்பில் போட்டுவிட்டான் என்றேன்.

“அவ கையில குடுக்கலியா?”

எத்தனை தடவை பார்த்திருக்கிறேன் இதை! ராத்திரி எல்லோரும் படுத்த பிறகு அந்த இடத்தை மட்டும் எடுத்துப் பார்த்தேன், நாடகத்தையும் எடுத்து வைத்துக்கொண்டேன். பத்திரம் வருகிறது. டோர்வால்ட் வாங்குகிறான், கிழிக்கிறான், தீயில் போட்டு எரிகிறதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறான். இதுவரை எவ்வளவு கட்டியிருக்கிறேன் என்று எனக்கே சரியாகத் தெரியாது, திரட்ட முடிந்ததையெல்லாம் கட்டினேன் என்று முதல் அங்கத்தில் சொன்னவள், பக்கத்தில் நிற்கிறாள். அவள் அந்தக் காகிதத்தைத் தொடவே இல்லை.

நகையை மீட்க வருகிற பெண்கள் கவுண்டரில் என்ன செய்வார்கள் என்று 27 வருஷம் பார்த்தேன். பையைப் பிரித்து, எண்ணி, கொக்கியை இழுத்துப் பார்த்து, பிறகு அங்கேயே நின்று போட்டுக்கொள்வார்கள். வீட்டுக்குப் போய்ப் போடலாம், ஆனாலும் அங்கேயே போடுவார்கள்.

காலையில் அம்மாவுக்குக் காபி கொடுக்கும்போது கேட்டேன், அப்பா வளையலை மீட்டுக்கொண்டு வந்த அன்றைக்கு ஏன் சாப்பிடவில்லை என்று. டம்ளரை ஆற்றிக்கொண்டே இருந்தாள். “இன்னும் மூணு மாசந்தான் பாக்கி இருந்துச்சு கண்ணு. தீபாவளிக்கு நானே போயி வாங்கியிருப்பேன்” என்றாள்.